நீங்கள் காவல் காத்த சட்டி

அத்தை,

நேற்று உங்கள் மகன் நாமக்கல்லிலிருந்து ஒரு சீஸ் டப்பா வாங்கி வந்தார். பிரித்ததும் சமையல்கட்டு முழுக்க அந்த வாசனை. "ஈரச் சாக்கு நாத்தம்" என்று மூக்கைப் பொத்திக்கொள்வீர்களே, அதேதான். நான் என்ன செய்கிறேன் என்று பின்னால் நின்று நீங்கள் எட்டிப் பார்ப்பதுபோல் இருந்தது. திரும்பியே பார்த்துவிட்டேன். நீங்கள் போய் ஒரு வருடம் ஆகிறது. என் முதுகு இன்னும் அதை ஒத்துக்கொள்ளவில்லை.

உங்களிடம் நேரில் கேட்காமல் விட்டது ஒன்று இருக்கிறது. கடைசிவரை என்னை நம்பினீர்களா, இல்லையா? பதில் வராது என்று தெரியும். உயிரோடு இருந்தபோது மட்டும் நேராகப் பதில் சொல்லிக் கிழித்துவிட்டீர்களா என்ன? இருந்தாலும் கேட்காமல் என்னால் இருக்க முடியவில்லை.

தொண்ணூற்றெட்டில், முள்ளுக்குறிச்சியிலிருந்து உங்கள் மகனோடு ஜீப்பில் ஏறி மலைமேல் ஆலத்தூர் நாட்டில் வந்து இறங்கினேன். நீங்கள் என் முகத்தைப் பார்க்கவில்லை, கையைத்தான் பார்த்தீர்கள். "பையில என்ன?" என்றீர்கள். துணி என்றேன். பிரித்துப் பார்த்துவிட்டுத்தான் உள்ளே விட்டீர்கள். கீழ்நாட்டுக்காரி மருந்து வைத்து மகனை மயக்கிவிட்டாள் என்று அதற்கு முன்பே முடிவு செய்திருந்தீர்கள். சோற்றிலோ குழம்பிலோ எதையோ கலந்து கொடுத்து ஓர் ஆளைத் தன் பக்கம் இழுத்துவிடலாம் என்ற பயம் மலைக்கும் கீழ்நாட்டுக்கும் பொதுதான். என் அப்பாவும் அதையேதான் ஊரெல்லாம் சொன்னார்: "மலைக்காரன் எம்பொண்ணுக்கு மருந்து வெச்சுட்டான்." சம்பந்திகள் நீங்கள் இருவரும் ஒத்துப்போனது அந்த ஒரு பேச்சில் மட்டும்தான்.

அப்பா என்னைத் தலைமுழுகிவிட்டார். நீங்கள் துரத்தினால் போக்கிடம் இல்லை. அது எனக்குத் தெரியும், உங்களுக்கும் தெரியும். இரண்டு வருடம் ஒரே கூரைக்குக் கீழே இரண்டு அடுப்பு எரிந்தது. நான் சமைத்ததில் ஒரு பருக்கை உங்கள் வாயில் பட்டதில்லை. உங்கள் மகன் இரண்டு அடுப்பிலும் சாப்பிட்டுச் சதை போட்டார். அதற்கும் என் மருந்துதான் காரணம் என்றீர்கள்.

அப்போதுதான் அந்தச் சட்டி வந்தது. சாமை, தினை விதைகளைப் பற்றி எழுத வந்த ஒரு வெள்ளைக்காரப் பெண்ணுக்கு உங்கள் மகன் ஒரு வருடம் ஜீப் ஓட்டினார். ஊருக்குத் திரும்பும்போது அவள் இரண்டு பொருள்களைக் கொடுத்துவிட்டுப் போனாள். ஒன்று, கரண்டில் வேலை செய்யும் கனத்த மண்சட்டி. ஸ்லோ குக்கர் என்று உங்கள் மகன் சொன்னார். காலையில் காயை நறுக்கிப் போட்டு மூடிவிட்டுக் காட்டுக்குப் போனால், சாயங்காலம் வரும்போது வெந்திருக்குமாம். மற்றொன்று சிவப்பு மெழுகு பூசிய தேங்காய் அளவு உருண்டை. உள்ளே சீஸ், மாதக்கணக்கில் கெடாது. எலிக்குப் பயந்து அதைச் சாமைப் பானைக்குள் புதைத்து வைத்தேன். இந்த மலையில் வேறு எந்த வீட்டில் ஒளித்து வைத்திருந்தாலும் வம்பில்லை. சாமை எடுக்கக் கையை விட்ட நீங்கள் அந்தச் சிவப்பு உருண்டையைத் தொட்டீர்கள். எடுத்த இடத்திலேயே திரும்ப வைத்தீர்கள். கையும் களவுமாகப் பிடிக்க வேண்டும் என்று காத்திருந்தீர்கள். இதையெல்லாம் பிறகு நீங்களே சொல்லித்தான் எனக்குத் தெரியும்.

ஆஸ்பத்திரியில் உங்கள் கீழ்ப்பல்வரிசையைப் பிடுங்கி அனுப்பிய மாதம் அது. களி இறங்காமல் கஞ்சித் தண்ணியில் கிடந்தீர்கள். பார்க்கப் பாவமாக இருந்தது. பாவம் பாதி, காரியம் பாதி என்றுதான் சொல்ல வேண்டும். மெல்லவே தேவையில்லாத ஒன்றைச் செய்து கொடுத்தால் ஒருவேளை வாயில் வைப்பீர்களோ என்று கணக்குப் போட்டேன். பூசணி, அவரை, கேரட், வெங்காயம் எல்லாம் நறுக்கினேன். அந்த வெள்ளைக்காரப் பெண் சூப்புக்குச் சொன்ன உருளைக்கிழங்கு இல்லை. நம் காட்டுக் குச்சிக்கிழங்கை, மரவள்ளியைத்தான், தோல் சீவித் துண்டு போட்டேன். தண்ணீர், உப்பு, மூடி, சுவிட்சு.

"அத்தை, உங்களுக்குத்தானுங்க வெக்கிறேன்," என்றேன்.

"எனக்கு ஒண்ணும் வேண்டாம். எம்பையன் திங்கிறதுல என்ன போடறேன்னு மட்டும் பாக்கறேன்," என்று சட்டிக்கு எதிரில் பலகையைப் போட்டு உட்கார்ந்தீர்கள்.

நான் மிளகு பறிக்கப் போய்விட்டேன். சாயங்காலம் வந்தபோதும் அதே பலகை, அதே நீங்கள். கண்ணாடி மூடிதான், ஆனால் ஆவி படிந்து உள்ளே ஒன்றும் தெரியாது. நான் பால் காய்ச்சி ஊற்றினேன். பானையிலிருந்து சிவப்பு உருண்டையை எடுத்து, மெழுகைச் சீவி, உள்ளே இருந்ததைத் துருவிப் போட்டேன். கரண்டியைத் தூக்கினால் அது பிசின் மாதிரி நூல் நூலாக இழுத்தது. உங்கள் கண் அந்த நூலை விட்டு நகரவில்லை.

உங்கள் மகன் பசியோடு வந்தார். "கிழங்கு நறுக்கு நறுக்குன்னு இருக்குது. வெள்ளக்காரங்க இப்பிடித்தான் திம்பாங்க போல," என்று சொல்லிக்கொண்டே இரண்டு கிண்ணம் குடித்தார். அரைமணி நேரத்தில் தலை சுற்றுகிறது என்று கட்டிலைப் பிடித்தார். அப்புறம் வாசலுக்கு ஓடிப்போய் வாந்தி எடுத்தார். நீங்கள் அவர் முதுகைத் தடவிக்கொண்டே என்னைப் பார்த்தீர்கள்.

"வெளிய வந்துருச்சு பாத்தியா? ரெண்டு வருசத்து மருந்து."

மறுநாள் காலையில் ஊர்ப் பெரியவர்கள் இருவரை அழைத்து வந்தீர்கள். உங்கள் மகன் படுத்தபடியே, "சூப்பு சேரலம்மா, அவ்வளவுதான்," என்றார். "கேட்டீங்களா, மருந்து பேசுது," என்றீர்கள். அவர் என்ன சொன்னாலும் இனி மருந்துதான் பேசும் என்று புரிந்தது. நான் அழவில்லை. என் துணியைப் பையில் எடுத்து வைத்துக்கொண்டு வாசலில் நின்றேன். எங்கே போவது என்று மட்டும் யோசித்தேன். முள்ளுக்குறிச்சி பஸ்ஸில் ஏறலாம், இறங்கினால் எந்த வீட்டுக் கதவைத் தட்டுவது? அன்று உங்களை எவ்வளவு வெறுத்தேன் என்று எழுதினால் இந்தத் தாள் போதாது.

"பஸ் ஏத்தி உட்டுரலாமுங்க," என்றார் பெரியவர்களில் மூத்தவர்.

"இருங்க, கண்ணால பாத்துட்டுப் போங்க," என்று நீங்கள் சட்டியைத் தூக்கி வந்து அவர்கள் முன்னால் வைத்தீர்கள். அடியில் தங்கியிருந்த சூப்பு இறுகிப்போய்க் கிடந்தது. மருந்தைக் காட்டுகிறேன் என்று கையை விட்டு அள்ளினீர்கள். நூல் இழுத்தது. பெரியவர்கள் பின்னால் நகர்ந்தார்கள். உங்கள் கை அப்படியே நின்றது. விரலுக்கிடையில் ஒரு கிழங்குத் துண்டு. அதை நசுக்கினீர்கள், நசுங்கவில்லை. நகத்தால் கீறினீர்கள். இன்னொன்றை எடுத்து நசுக்கினீர்கள். பிறந்தது முதல் கிழங்கோடு வாழ்ந்தவர் நீங்கள். அரைவேக்காட்டுக் குச்சிக்கிழங்கு தலையைச் சுற்றும், குடலைப் பிரட்டும் என்பதை உங்களுக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை.

நீங்கள் பேசாமல் இருந்திருக்கலாம் அத்தை. அந்த வாசலில் கிழங்கு வேகாதது தெரிந்த ஒரே ஆள் நீங்கள்தான். சட்டியைக் கவிழ்த்து விட்டிருந்தால் போதும், இரண்டு வருடமாக நீங்கள் ஆசைப்பட்டது நடந்திருக்கும்.

"ஏ புள்ள," என்று என்னைக் கூப்பிட்டீர்கள். "இதோட மூடியத் தொறந்தா என்னாகும்?"

"சூடு போயிருமுங்க. மறுபடி சூடேற அரைமணி நேரமாவது ஆகும். தொறக்கவே கூடாதுன்னு வெள்ளக்காரம்மா சொன்னாங்க."

நீங்கள் பெரியவர்கள் பக்கம் திரும்பினீர்கள். "கெழங்கு வேகலைங்க. இவ காட்டுல இருக்கறப்ப என்னமாச்சும் தானா உள்ள வருதான்னு நாந்தான் மூடியத் தொறந்து தொறந்து பாத்தேன். பொழுதுக்கும் பாத்தேன். எப்பிடி வேகும்? எம்பையன் வாந்தி எடுத்தது என்னால."

"அப்ப இந்தச் செவப்பு உருண்டை?" என்றார் மூத்தவர், விடாமல்.

"அதப் பத்தி எனக்கு இன்னும் சந்தேகந்தானுங்க. ஆனா செய்யாததுக்கு ஒருத்திய பஸ் ஏத்த முடியாது."

எனக்கு அப்போதுதான் அழுகை வந்தது. பையை அங்கேயே போட்டுவிட்டு உட்கார்ந்துவிட்டேன். நீங்கள் தேற்றவில்லை. "அழுதது போதும், சட்டியக் கழுவு," என்றீர்கள்.

அன்றைக்கே மறுபடி வைக்கச் சொன்னீர்கள். கிழங்கை மட்டும் உங்கள் விறகடுப்பில் நீங்களே வேகவைத்து, தண்ணீரை வடித்துக் கொட்டிவிட்டுக் கொண்டுவந்து சட்டியில் போட்டீர்கள். உங்கள் அடுப்பில் வெந்தது என் சட்டிக்குள் விழுந்தது அதுதான் முதல் முறை. அப்புறம் கையை முந்தானைக்குள் சுருட்டி வைத்துக்கொண்டு சட்டிக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தீர்கள். மூடியைத் திறக்காமல் இருக்க நீங்கள் பட்ட பாடு இருக்கிறதே! அன்று உங்களைப் பார்த்து முதல்முறையாக எனக்குச் சிரிப்பு வந்தது.

சாயங்காலம் கிண்ணத்தில் ஊற்றி, மிளகு தட்டிப் போட்டுக் கொடுத்தேன். வாங்கினீர்கள், முகர்ந்தீர்கள், என் பக்கம் நீட்டினீர்கள்.

"நீ மொதல்ல."

குடித்துக் காட்டினேன். என் தொண்டை இறங்குவதைப் பார்த்துவிட்டுத்தான் வாயில் வைத்தீர்கள். கிண்ணம் காலியானது. "நாத்தந்தான், ஆனா தொண்டைக்கு எதமா இருக்குது," என்றீர்கள். ஒரு அடுப்பு அணைந்தது.

ஆனால் அந்த "நீ மொதல்ல" மட்டும் போகவே இல்லை. சூப்பு, கஞ்சி, களி, எதுவானாலும் முதல் வாய் எனக்கு. எட்டு வருடம். பேத்தி பிறந்து பள்ளிக்கூடம் போகத் தொடங்கிய பிறகும் அப்படியே. மற்றவர்கள் முன்னால் எனக்கு அவமானமாக இருக்கும். பல்லைக் கடித்துக்கொண்டு குடித்துக் காட்டுவேன். உங்கள் மகனிடம் சண்டை போடுவேன். "அம்மாவுக்கு உம்மேல சந்தேகமெல்லாம் எப்பவோ போயிருச்சு," என்பார். பிறகு எதற்கு என்று கேட்டால் சிரிப்பார். அவர் உங்கள் பிள்ளை; உங்களுக்குப் பரிந்துதான் பேசுவார் என்று அவர் பேச்சை நானும் நம்பவில்லை. உங்களோடு இருந்து இருந்து எனக்கும் அந்தப் புத்தி ஒட்டிக்கொண்டது. கடைசி நாள் கஞ்சியைக்கூட என் பக்கம் தள்ளினீர்கள். இந்த நேரத்திலுமா என்று மனதுக்குள் கோபப்பட்டேன். இன்றுவரை என்னை உறுத்துவது அந்தக் கோபம்தான்.

போன மாதம் எனக்கு மூன்று நாள் காய்ச்சல். உங்கள் மகன் விடியற்காலையில் செம்மேட்டுக்குச் சவாரி போனவர், மத்தியானம் தாண்டித்தான் வந்தார். சட்டையைக்கூடக் கழற்றாமல் கஞ்சி வைத்துக் கிண்ணத்தில் எடுத்து வந்தார். உதடு காய்ந்திருந்தது, கண் உள்ளே போயிருந்தது. காலையிலிருந்து ஒரு டீ தவிர எதுவும் உள்ளே போகவில்லை என்பது பார்த்த உடனே தெரிந்தது. நான் கிண்ணத்தை வாங்கி, அவர் பக்கமே நீட்டினேன்.

"நீங்க மொதல்ல."

அவர் என்னையே பார்த்தார். ஒரு வாய் குடித்தார். நான் அவர் தொண்டையைப் பார்த்துக்கொண்டிருந்தேன் அத்தை, இறங்குகிறதா என்று. இதை எழுதும்போதுதான் உறைக்கிறது: தினமும் காட்டிலிருந்து வெறும் வயிற்றோடு வந்து உங்களுக்குக் கிண்ணம் நீட்டியவள் நான்.