அன்ரிக்கு நான் மொழிபெயர்க்காத வரி

நேற்று ஸ்காபரோவில் ஒரு சாமத்தியவீடு. பெரியபிள்ளையான பெண்ணை மண்டபத்துக்குள் அழைத்து வரும்போது இயந்திரத்தால் வெண்புகை விட்டார்கள். இனிப்புக் கலந்த அந்த மணம் மூக்கில் ஏறியதும் மேடையில் இதே புகைக்குள் நின்ற உன் ஞாபகம் வந்து, சாப்பிடாமலே எழும்பி வந்துவிட்டேன்.

பாரிஸின் புறநகர் ஒன்றில் சித்தப்பா வீட்டில் வளர்ந்தவள் நீ. அங்கேதான் பிரெஞ்சு ராப் குழுக்களோடு பாடத் தொடங்கினாய். போருக்குப் பிறகு இங்கே வந்த அம்மாவிடம் நீயும் வந்து சேர்ந்த பிறகும் அதை விடவில்லை. ஸ்காபரோவின் வோபர்ன் பக்கம் ஒரு கடைத்தொகுதியின் பேஸ்மென்டில், பிரெஞ்சு பேசும் கொங்கோ, ஹெயிட்டிப் பிள்ளைகளோடு பாடினாய். விளம்பரம் கிடையாது, சொந்தப் பெயர் கிடையாது, முகத்தைத் துணியால் மூடியிருப்பீர்கள். ஆனால் ஒவ்வொருவரும் தன் காயத்தைத் தானே பாட வேண்டும் என்பது விதி. குழுவை நடத்தியவன் தன் தகப்பன் கொல்லப்பட்டதைப் பாடினான். நீ உன் தம்பியைப் பாடினாய்.

போரின் கடைசி நாட்களில் உன் அம்மா தன் கையாலேயே ஆமியிடம் ஒப்படைத்த தம்பி. அவன் வருவான் என்றே, நான் அன்ரி என்று கூப்பிடும் உன் அம்மா காத்திருந்தார். உன் பாட்டிலோ அவன் செத்திருந்தான். "காயத்தைக் காட்டினாத்தான் சனம் காது குடுக்குது," என்பாய். அன்ரிக்குப் பிரெஞ்சு தெரியாது என்பதுதான் உன் தைரியம்.

ஒரு சனிக்கிழமை பின்னேரம், உனக்குச் சொல்லாமலே அன்ரி பஸ் பிடித்து வந்துவிட்டார். "மகள் பாடுறதை நான் கேக்கக் கூடாதோ?" என்று எனக்குப் பக்கத்தில் இருந்தார். நான் மொன்றியலில் பிரெஞ்சு படித்தவள் என்பது அவருக்குத் தெரியும். நீ தொடங்கியதும் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"என்ன சொல்லுறாள், பிள்ளை?"

"ஊரைப் பற்றி, அன்ரி."

"தம்பியைப் பற்றியோ?"

அடுத்து வரப்போகும் வரி, தம்பி செத்ததைச் சொல்லும் வரி, எனக்குத் தெரியும். வழக்கமாக வருகிறவர்களுக்கும் தெரியும். கைபேசிகளை உயர்த்திக்கொண்டு அதற்காகவே காத்திருந்தார்கள். அப்போதுதான் நீ எங்களைக் கண்டாய். முகத்துணியை இழுத்துக் கழற்றினாய். தாளம் ஓடிக்கொண்டிருக்க, அழுதபடியே தமிழில் சொன்னாய்:

"அம்மா, தம்பி இனி வரமாட்டான்."

அதுவும் நிகழ்ச்சியில் ஒரு பகுதி என்று நினைத்துக் கைதட்டினார்கள். அன்ரியின் நகம் என் கையில் இறங்கியது. பிறகு அவர் எழுந்து மேடையடிக்குப் போய், உன்னை நிமிர்ந்து பார்த்தார்.

"இதை வீட்டிலை வைச்சுச் சொல்லியிருக்கலாமே, பிள்ளை?"

ஒலிவாங்கியை வைத்துவிட்டு இறங்கி வந்தாய். அந்தப் பாட்டைப் பிறகு நீ பாடவேயில்லை. குழுக்காரன் எத்தனையோ தரம் கேட்டும், "அது அம்மாவுக்குச் சொன்னது, முடிஞ்சுது," என்றுவிட்டாய். ஆனால் அன்றைய காணொளி மட்டும் யார் யாருடைய கைபேசிகளிலோ ஓடிக்கொண்டேயிருந்தது.

போன மாரிக்குளிரில் புற்றுநோய் உன்னைக் கொண்டுபோன பிறகு, உனக்காக ஒரு நிகழ்ச்சி வைக்கக் குழுவினர் நினைத்தார்கள். அந்தக் காணொளியைத் திரையில் போடலாமா என்று கேட்கக் குழுவை நடத்தியவன் அன்ரியின் வீட்டுக்கு வந்தான். நான் மொழிபெயர்த்துச் சொன்னேன். அன்ரி என் பக்கம் திரும்பினார்.

"என்ரை பிள்ளை அழுததை எல்லாரும் பாத்திட்டினம். அவள் சிரிச்சுக்கொண்டு பாடினது ஒண்டும் இல்லையோ எண்டு கேள்."

இருந்தது. வேலை முடிந்து வரும்போது ரயிலில் தூங்கிப்போய், வீடிருக்கும் அஜக்ஸில் இறங்காமல் கடைசி நிறுத்தமான ஒஷாவா வரைக்கும் நீ போன கதையைச் சொல்லும் பாட்டு. அவன் அதைப் போட, நான் வரிக்கு வரி தமிழில் சொன்னேன். அன்ரி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். "ஓம், ஓம், அண்டைக்குப் புட்டெல்லாம் ஆறிப்போச்சு," என்றார்.

திரையில் அதைத்தான் போட்டார்கள். இப்போதும் ரயில் அஜக்ஸை நெருங்கும்போது என் வாய் தானாக அதை முணுமுணுக்கிறது. பக்கத்தில் இருப்பவர்கள் திரும்பிப் பார்க்கிறார்கள். பார்க்கட்டும்.