எங்க அண்ணனுக்குப் பாட வராது

என் ஆசை முரளி அண்ணா,

நீ போய் மூணு வாரம் ஆச்சு. ஈஸ்ட் பிரன்ஸ்விக்ல இன்னும் குளிர் விடலை. அனு இப்போ ஆறாவது படிக்கிறா, தமிழ்ல கேட்டா இங்கிலீஷ்லதான் பதில். இவர் ஆபீஸ்ல ஆள் குறைக்கறாங்களாம், அந்தக் கவலை வேற. ஆனா முந்தாநாள் உன் டிரம்மர் பீட்டர் போன் பண்ணினதிலிருந்து எனக்கு எதுவுமே ஓடலை. அவர் என்ன சொன்னார்னு சொல்றதுக்கு முன்னாடி, நான் பண்ணினதைச் சொல்லிடறேன். நாலு பேர் படிக்கட்டும்னுதான் இதை நம்ம தமிழ்ச் சங்க மலருக்கே அனுப்பறேன்.

அப்பா உன்னை லண்டனுக்கு அனுப்பினது சி.ஏ. படிக்க. ரெண்டாம் வருஷமே அதை மூட்டை கட்டிட்டு, நாலு வெள்ளைக்காரப் பசங்களோட ராக் பேண்ட் ஆரம்பிச்சே. பப்ல பாடி, வேன்லயே தூங்கி, ஏழெட்டு வருஷம் கழிச்சு முதல் ரெக்கார்ட் வந்துச்சு. ரயில்வே ஸ்டேஷன்ல எல்லாம் போஸ்டர், நடுவுல மைக்கைப் பிடிச்சுக்கிட்டு எங்க சேலத்து முரளி! ஆனா சேலத்துல அப்பா, "மூத்தவன் லண்டன்ல ஆடிட்டர்"னேதான் சொல்லிட்டிருந்தார். என் கல்யாணப் பேச்சுலயும் அதேதான். நானும் வாயைத் திறக்கலை.

அப்புறம் உங்க பேண்டுக்கு மவுசு குறைஞ்சுது. பெரிய ஹாலெல்லாம் போய், சின்னச் சின்ன கிளப். அப்படி ஒரு அமெரிக்கா டூர்ல நியூ ஜெர்சி வந்தப்போ, ஷோவுக்கு முன்னாடி என் வீட்டுக்கு வந்தே. அன்னிக்குன்னு பார்த்து நவராத்திரி. பேஸ்மென்ட்ல ஏழு படி கொலு, பதினஞ்சு பேர் கூட்டம், நடு சோபாவுல ஊர்லேர்ந்து வந்திருந்த என் மாமியார். தோள் வரைக்கும் முடியும் காதுல வளையமுமா நீ வாசல்ல நின்னதும் ஓடி வந்தேன். "லண்டன்ல ஆடிட்டரா இருக்கற எங்க அண்ணன்"னு சொல்லி உட்கார வச்சேன்.

கொலுவுக்கு வந்தவங்களைப் பாடச் சொல்லாம அனுப்பற வழக்கம் ஏது? தாளம் தெரியாதவங்க கூட ரெண்டு வரி பாடிட்டுத்தான் சுண்டல் வாங்குவாங்க. வரிசையா சுத்திக்கிட்டு வந்து உன் முறை வந்துச்சு. கமலா ஆன்ட்டிதான், தம்பி நீங்களும் ஒண்ணு பாடுங்களேன்னு கேட்டாங்க. நீ நிமிர்ந்து உட்கார்ந்து தொண்டையைச் செருமினே. அம்மா விளக்கேத்தும்போது பாடற பாட்டைத்தான் நீ எடுக்கப்போறேன்னு எனக்குத் தெரியும். ஆனா நீ ஒரு வரி பாடினா போதுமே, இது பாடியே பிழைக்கற குரல்னு மாமியாருக்குத் தெரிஞ்சுடுமே.

"எங்க அண்ணனுக்குப் பாட வராது, ஆன்ட்டி."

நீ என்னைப் பார்த்தே. அப்புறம் சிரிச்சுக்கிட்டே, "ஆமா ஆன்ட்டி, சுட்டுப்போட்டாலும் வராது"ன்னே. சுண்டலை வாங்கிக்கிட்டே. எனக்கும் இவருக்கும் அன்னிக்கு ஷோவுக்கு டிக்கெட் கொடுத்துட்டுக் கிளம்பினே. வீட்டுல ஆள் இருக்காங்கன்னு சாக்கு சொல்லி, அதுக்கும் நான் வரலை.

அடுத்த வருஷமே உன் தொண்டையில கட்டி, ஆபரேஷன். குரல் போச்சு. காலிங் கார்டு போட்டு நான்தான் பேசுவேன், நீ ரிசீவரை விரலால தட்டுவே. ஒரு தட்டுன்னா ஆமா, ரெண்டு தட்டுன்னா இல்லை. ஊர்க்கதை எல்லாம் பேசினேனே, இந்த ஒண்ணை மட்டும் ஏன் பேசலை? திருப்பித் திட்டக்கூட முடியாத அண்ணன்கிட்ட மன்னிப்புக் கேட்க எனக்கு என்ன கேடு? பாவி, என் வாய் முகூர்த்தம்தான் பலிச்சுடுச்சோன்னு நெஞ்சு அடிச்சுக்குது.

இப்போ பீட்டர் விஷயம். லண்டன்ல உனக்கு ஒரு நினைவுக் கூட்டம் வைக்கறாங்களாம், நான் வந்து பேசணுமாம். பேச்சோட பேச்சா, அன்னிக்கு எங்க வீட்டுலேர்ந்து வேனுக்குத் திரும்பினதும் நீ என்ன சொன்னேன்னு சொன்னார். தங்கச்சி வீட்டுல எங்கம்மா பாட்டைப் பாடினேன், எல்லாரும் கைதட்டி இன்னொண்ணு பாடச் சொல்லி விடவே இல்லைன்னு சொன்னியாமே. உனக்கு அப்படி ஒரு சந்தோஷமாம். அது என்ன பாட்டு, கூட்டத்துல நீங்க அதைப் பாட முடியுமான்னு கேட்டார்.

அப்புறம் கூப்பிடறேன்னு வச்சுட்டேன். ஐயோ அண்ணா, அவங்ககிட்டகூட என்னை விட்டுக்கொடுக்கலையே நீ.

அடுத்த மாசம் நான் லண்டன் வர்றேன். அந்தப் பாட்டைப் பாட மாட்டேன். அன்னிக்கு அவன் பாடவே இல்லை, நான்தான் பாட விடலைன்னு உன் ஆளுங்க முன்னாடி சொல்லுவேன். இங்கே கமலா ஆன்ட்டி இந்த மலரைப் படிப்பாங்க. சேலத்துக்கு என் மாமியாருக்கும் ஒண்ணு போகும். படிச்சுட்டு யார் என்ன கேட்டாலும் இனிமே என்கிட்ட ஒரே பதில்தான். எங்க அண்ணன் பாட்டுக்காரன்.

உன் கூடப் பிறந்தவ,
வசந்தி