கொலுவுக்கு முன்னால் டெனிஸ்

செப்டம்பர் 23, செவ்வாய்

இன்னும் வெயில் மண்டையைப் பிளக்கிறது. டெக்சாஸில், இந்த ரிச்சர்ட்சனில் செப்டம்பர் என்பதெல்லாம் காலண்டரில் மட்டும். கொலு ஐந்து படி வைத்தாயிற்று. செட்டியார் பொம்மைக்கு மூக்கு உடைந்து, ஒட்டி, கோணல்.

சனிக்கிழமை எங்கள் பேண்டுக்கு ஷோ. பார்பிக்யூ கடை முற்றத்தில், சாயங்காலம். டெனிஸுக்குப் பாட்டும் கிட்டாரும், வால்ட்டுக்கு டிரம்ஸ், எனக்கு பேஸ் கிட்டார். கம்பெனியும் கிடையாது, மேனேஜரும் கிடையாது. எங்கள் பாட்டு, என் கராஜ், நாங்களே ரெக்கார்ட் பண்ணி நாங்களே நெட்டில் போடுவது. கராஜில் டெனிஸ் பாடினால் உடம்பு சிலிர்க்கும். மேடை ஏறினால் வாயே திறக்காது. போன இரண்டு ஷோவிலும் பாதியில் இறங்கிப் போய்விட்டாள். இந்தத் தடவையும் அப்படியானால் விட்டுவிடப் போகிறாளாம். அவள் இல்லாமல் பேண்டாவது ஒன்றாவது! நாற்பத்தாறு வயதில் கிடைத்த சந்தோஷம், போய்விடுமோ என்று பயம்.

செப். 25, வியாழன்

எனக்கு அறிவே கிடையாது. "வியாழன் நாலு மணிக்கு மேல வெத்தல பாக்குக்கு வாங்க" என்று வாட்ஸாப் குரூப்பில் போட்டதும் நான்தான். வியாழன் பிராக்டீஸ் என்பதை மறந்ததும் நான்தான். ஹால் முழுக்கப் பட்டுப்புடவை. வாசலில் டெனிஸ், வால்ட், தோளில் கிட்டார்.

சென்னையிலிருந்து மகன் வீட்டுக்கு வந்திருக்கும் விஜயா ஆன்ட்டி விடவில்லை.

"யாரு, உன் ஃப்ரெண்ட்ஸா? உள்ள கூப்பிடு. கொலு பாக்க வந்துட்டு பாடாம போறதா?"

"ஆன்ட்டி, அவங்களுக்குப் பழக்கமில்ல..."

"பாட வராதா?"

"வரும். ஆனா..."

"அப்புறம் என்னடி ஆனா?" டெனிஸ் பக்கம் திரும்பி, "சிட்மா, சிட்!"

டெனிஸ் முகம் வெளிறிவிட்டது. அதற்குள் மற்றவர்கள் ஆரம்பித்தாயிற்று. பக்கத்து வீட்டு ப்ரியாவின் பெண் இரண்டாவது வரியை மறந்து ஓடினாள். ஆன்ட்டிக்கு சுருதி ஒரு பக்கம், பாட்டு ஒரு பக்கம். கண்ணை மூடி முழுசாக முடித்தார். யாரும் குறை சொல்லவில்லை. எல்லாருக்கும் அதே சுண்டல். பாதிப் பேர் கேட்கவே இல்லை, கிரீன் கார்டு பேச்சு.

டெனிஸ் என் காதில்: "ஸோ, யாரும் மார்க் போடறதில்லையா?" (ஆங்கிலத்தில்தான்.) இல்லை, பொம்மையைப் பார்த்துப் பாடினால் போதும் என்றேன்.

எல்லாருக்கும் முதுகைக் காட்டிச் சம்மணமிட்டாள். கோணல் மூக்குச் செட்டியாரைப் பார்த்து, காதலனை விட்டுவிட்டு ஒருத்தி ஃப்ரீவேயில் தனியாக டிரைவ் பண்ணிப் போகிறாளே, அந்தப் பாட்டை எடுத்தாள். எங்களுடையது. வால்ட் சோபாவில் தாளம். கிரீன் கார்டு நின்றது.

"நல்ல சாரீரம். இன்னொண்ணு பாடச் சொல்லு," என்றார் ஆன்ட்டி.

பாடினாள்! அப்புறம் இன்னொன்று. குங்குமம், ரவிக்கைத் துணி எல்லாம் வாங்கிக்கொண்டு போனாள். நான் கிச்சனுக்குள் போய் அழுதேன், சந்தோஷம் தாங்காமல்.

பிராக்டீஸ் நடக்கவே இல்லை.

செப். 27, சனி

காலையில் மேகம். மழையே, இன்றைக்கு மட்டும் வேண்டாம்.

வீட்டுக்காரர் செந்தில் கிண்டல்: "நவராத்திரியில பார்பிக்யூ கடையா? சாமி கண்ணக் குத்தப் போகுது பாரு." ஆனால் ஆம்ப்ளிஃபயரைத் தூக்கி வண்டியில் ஏற்றியது அவர்தான். பெண் நிலா: "அம்மா, ஜஸ்ட் டோன்ட் டான்ஸ்."

முதல் பாட்டு முழுக்க டெனிஸ் வால்ட்டையே பார்த்துப் பாடினாள், கூட்டத்துக்கு முதுகு. "திஸ் வே, ஹனி!" என்று யாரோ கத்தினார்கள். போச்சுடா என்று நினைத்தேன். இரண்டாவது பாட்டின் நடுவில் திரும்பினாள். சிரிக்கிறாள்! குரல் பார்க்கிங் வரைக்கும். தட்டோடு போனவர்கள் அப்படியே நின்றார்கள். நான் ஆடினேன். நிலா முகத்தைப் பொத்திக்கொண்டாள்.

நேரம் முடிந்தது. கடைக்காரர் போதும் என்று கையைக் காட்டினார். டெனிஸ் மைக்கை இழுத்து, "ஒன் மோர்!" என்று எதையோ ஆரம்பித்துவிட்டாள். வால்ட் என்னைப் பார்த்தார், நான் வால்ட்டைப் பார்த்தேன். எங்களுக்கே தெரியாத பாட்டு. வாசித்துக்கொண்டே அவள் பின்னாலேயே ஓடினோம்.