கதவைச் சாத்தச் சொன்ன மாஸ்டர்

என் அன்பான அண்ணை,

உங்களோடு சண்டை பிடிக்கத்தான் இதை எழுதுகிறேன். செத்த மனிதரோடு என்ன சண்டை என்று என் மனைவி கேட்கிறாள். நீங்கள் உயிரோடு இருந்தபோது இந்த விஷயம் எனக்குத் தெரியாதே, நான் என்ன செய்ய?

எங்கள் குங்ஃபூ இயக்குநரின் படங்களை டவுன்ரவுன் தியேட்டர் ஒன்றில் வரிசையாகப் போடுகிறார்கள். ஆரம்பத்தில் எடுத்த வாள் படங்கள், சனங்களுக்கு வாள் அலுத்த பிறகு எடுத்த கைச்சண்டைப் படங்கள், மார்க்கெட் போன காலத்தில் புதுப் பொடியன்களை வைத்து எடுத்தவை, எல்லாம். மகள்தான் கூட்டிக்கொண்டு போனாள். கீழே ஆங்கிலத்தில் எழுத்து ஓடியது. அந்தப் படங்களை நான் எழுத்தோடு பார்த்ததே இல்லை.

எங்களுக்கு எழுத்து நீங்கள்தானே. ஞாயிறு மத்தியானங்களில் நாங்கள் முன்பு இருந்த மல்வேர்ன் வீட்டின் கீழ்த்தள பேஸ்மென்றில், சீனக் கடையில் எடுத்த கசெட்டைப் போட்டுவிட்டு ரிவிக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்வீர்கள். சீன ரெஸ்ரோரண்டில் கோப்பை கழுவியவருக்குச் சீனம் தெரியாமல் இருக்குமா என்று நாங்களும் நம்பினோம். உங்கள் வாயில் கிழட்டு மாஸ்டர்கள் எல்லாம் "தம்பி, சாப்பிட்டனியோ?" என்று கேட்டுவிட்டுத்தான் அடிப்பார்கள்.

அதில் ஒரு படம் எனக்கு உயிர். சொல் கேளாமல் போன சீடன் திரும்பி வருகிறான். மாஸ்டர் சாகக் கிடக்கிறார். அவன் வாசலில் முழந்தாளில் நிற்க, அவர் சுவர்ப் பக்கம் திரும்பி ஏதோ சொல்கிறார். நீங்கள் குரலைத் தாழ்த்துவீர்கள்: "அவனில எனக்குக் கோவமில்லை எண்டு சொல்லுறார். அழுறதைக் காட்டக் கூடாதெண்டுதான் மற்றப் பக்கம் திரும்பினவர்."

போன சனிக்கிழமை அந்த இடம் வந்தது. 'கதவைச் சாத்துங்கள்' என்று கீழே எழுத்து வந்தது. அவ்வளவுதான். கதவைச் சாத்துகிறார்கள், படம் முடிகிறது.

"பெரியப்பா எல்லாத்தையும் தானே மேக் அப் பண்ணிச் சொல்லியிருக்கிறார், அப்பா. சோ ஸ்வீட்," என்று மகள் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. இந்த இயக்குநர் முதல் படத்திலிருந்து கடைசிப் படம் வரை யாரையும் மன்னிக்க விட்டதில்லை என்று படத்துக்கு முன்னால் ஒரு பெண் பேசினாள். நீங்கள் சொன்ன கதைகளில் மன்னிக்காதவர் எவருமில்லை.

அப்பா உட்பட. என் கலியாணத்துக்குப் பிறகு அவர் என்னோடு பேசவில்லை. யாழ்ப்பாணத்தில் அவர் உயிர் போகும்போது பக்கத்தில் இருந்தது நீங்கள் மட்டும்தான். பிறகு நீங்கள் இங்கே வந்து இறங்கிய அன்று, விமான நிலையத்திலேயே என் தோளைப் பிடித்துக்கொண்டு சொன்னீர்கள்: "அவனில எனக்குக் கோவமில்லை எண்டுதான் அப்பா கடைசியாச் சொன்னவர்."

அதே வசனம் அண்ணை. அந்த வசனத்தை நம்பித்தான் இத்தனை வருடமும் நிம்மதியாக நித்திரை கொண்டேன். அப்பாவின் திவசத்துக்குத் திவசம் அதை நினைத்துத்தான் அழுதேன். அப்பா சொன்னதை எடுத்து அந்த மாஸ்டருக்குக் கொடுத்தீர்களா? அல்லது அப்பாவுக்கும் நீங்கள்தான் வசனம் எழுதினீர்களா? இனி யாரிடம் போய்க் கேட்பேன்?

இரக்கப்பட்டுத்தான் செய்திருப்பீர்கள். அதில்தான் எனக்கு இன்னும் கோபம். இவன் உண்மையைத் தாங்கமாட்டான் என்று நீங்களாகவே முடிவு கட்டிவிட்டீர்கள். என்னை ஏமாற்றிப்போட்டீர்கள் அண்ணை.

ஒன்று மட்டும் உறுதி. நானும் ஒருநாள் அங்கே வருவேன். வந்து அப்பாவுக்கு முன்னால் நிற்பேன். அவர் பேசினாலும் சரி, முகத்தைத் திருப்பினாலும் சரி, நானே பார்த்துக்கொள்கிறேன். நீங்கள் என் பக்கத்தில் நில்லுங்கள். வாயை மட்டும் திறக்கக் கூடாது.

நீங்கள் சொன்னதையெல்லாம் நம்பிய,
உங்கள் தம்பி