வெள்ளம் என்று படித்தேன்

1934 ஜனவரி 9, செவ்வாய்

பள்ளிக்கு ஒரு மாதம் விடுப்புச் சொல்லிவிட்டு அண்ணன் வீட்டில் இருக்கிறேன். மேல்மடைத் தண்ணீருக்காக அண்ணன் மேல் பக்கத்து வயல்காரி கருப்பாத்தாள் போட்ட வழக்கு மூன்றாம் வருஷம் நடக்கிறது. முன்சீப் ராஜியாகப் போகச் சொன்னாராம். இளைத்தவர் விட்டுக்கொடுப்பதற்குத்தான் ராஜி என்று பெயர்; நான் கண்டவரை அப்படித்தான்.

ஜனவரி 11

வக்கீல் குமாஸ்தா இந்தப் பக்கத்து வழக்கப்படி மலையாளத்தில் எழுதிய ராஜிப் பத்திரம் வந்தது. கருப்பாத்தாள் பொள்ளாச்சிப் பக்கத்திலிருந்து வாழ்க்கைப்பட்டவள். அவளுக்கு மலையாளம் புரியாது.

"டீச்சரம்மா படிச்சாப் போதுமுங்க. அவீங்க பொய் சொல்லமாட்டாங்க."

படித்தேன். அண்ணன் நிலத்தின் வழியே அவளுக்கு வண்டித்தடம். பதிலுக்கு மேல்மடையில் வரும் வெள்ளம் முழுவதும் அண்ணனுக்கு. மற்றச் சொற்களைத் தமிழாக்கினேன். 'வெள்ளம்' ஒன்றை மட்டும் அப்படியே படித்தேன்.

அவள் சிரித்தாள். "வெள்ளந்தானுங்களே? ஐப்பசியில வந்து என்ர பயிரச் சாய்க்குது. கவுண்டரே அள்ளிக்கட்டுங்க!"

அவள் பெருவெள்ளத்தைச் சொல்கிறாள் என்று அப்போதே தெரிந்தது. மலையாளத்தில் வெள்ளம் என்றால் தண்ணீர் — எல்லாத் தண்ணீரும். அண்ணன் என்னைப் பார்த்தார். நான் மூக்குக்கண்ணாடியைத் துடைத்தேன். அவள் பெருவிரலை மையில் வைத்தாள்.

ஜனவரி 12

பொய் ஒன்றும் சொல்லவில்லையே நான்?

ஜனவரி 23

ராஜியைக் கோர்ட்டில் கொடுப்பது இருபத்தொன்பதாம் தேதி. அதற்குள் அண்ணன் மடையை அடைத்துவிட்டார். பால் பிடிக்கும் நெல் வெளுக்கிறது. கருப்பாத்தாள் வாசலில் வந்து நின்றாள்.

"வெள்ளத்தத்தானே குடுத்தேன்? தண்ணியவா குடுத்தேன்?"

"படிச்சுக்காட்டுனது ஆரு? அம்மிணியக் கேளு" என்றார் அண்ணன்.

அவள் என்னைப் பார்த்தாள். இருபத்தைந்து வருஷம் பிள்ளைகளுக்கு அர்த்தம் சொன்னவள் — உள்ளே போய்விட்டேன். சீ.

ஜனவரி 24

கோர்ட்டில் சொல்லப்போகிறேன் என்றேன். அண்ணன் கத்தவில்லை. "குமாஸ்தா பெசகுன்னு சொல்லிப்போட்டு உட்ரு அம்மிணி. ஊட்டுப் பேரு கெடவேண்டாம்."

ஒரு கணம் அது நல்ல வழியாகவே தோன்றியது. இதை எழுதவும் கூசுகிறது.

ஜனவரி 29

சொன்னேன். "அவள் வேறு அர்த்தம் கொண்டாள் என்று தெரிந்தும் சும்மா இருந்தேன்." முன்சீப் எழுதுவதை நிறுத்தி என்னைப் பார்த்தார். பின்னால் என் மாணவி ஒருத்தியின் தகப்பனார் இருந்தார். அந்த ராஜி செல்லாது என்றாகிவிட்டது. அண்ணன் என்னை விட்டுவிட்டு வண்டியைக் கட்டிக்கொண்டு போனார்.

பிப்ரவரி 8

புது ராஜி. மடைத் தண்ணீர் ஒரு நாள் விட்டு ஒரு நாள் அவளுக்கு, வண்டித்தடமும் உண்டு. பாதி நெல் தப்பும் என்கிறார்கள். இந்தத் தடவை தமிழில் எழுதச் சொல்லியிருந்தேன். படிக்கக் கண்ணாடியை எடுத்தேன். கருப்பாத்தாள் காகிதத்தின் மேல் கையை வைத்தாள்.

"கோவிச்சுக்காதீங்க டீச்சரம்மா. கடைக்காரரு படிக்கட்டுங்க."

மளிகைக்கடை சகாயம் எழுத்துக்கூட்டிப் படித்தார். 'தண்ணீர்' வந்த இடத்தை அவள் இரண்டு தரம் படிக்கச் சொன்னாள். நான் மைக்கூட்டைப் பிடித்துக்கொண்டிருந்தேன்.

விரலைத் துடைக்க என் கைக்குட்டையை நீட்டினேன். அவள் தன் முந்தானையிலேயே துடைத்துக்கொண்டாள்.