பெயர் சொல்லி எழுப்பியவள்

இன்று காலை தலையணைகளை முற்றத்தில் வெயிலுக்குப் போட்டேன். எங்கள் இருவருக்கும் நடுவில் கிடந்த அந்த நீட்டுத் தலையணையையும்தான். வெயில் ஏற ஏற, பஞ்சின் மணத்தோடு நீங்கள் தலைக்கு வைக்கும் எண்ணெய் மணமும் கிளம்பிற்று. "உந்தத் தலையணையை ஏனம்மா இன்னும் வைச்சிருக்கிறியள், எறியுங்கோவன்" என்றாள் மகள். "நீ உன்ரை வேலையைப் பார்" என்று பாய்ந்துவிட்டேன். எனக்கு வாய் கொஞ்சம் நீளம். உங்களுக்குத் தெரியாததா?

நீங்கள் கடலுக்குப் போவதை நிறுத்திய பிறகுதான் அது தொடங்கியது. விழித்திருக்கும்போது அதிர்ந்து ஒரு வார்த்தை பேசாத மனிதர், நித்திரையில் கத்துவீர்கள், உதைப்பீர்கள், இல்லாத வலையை இரண்டு கையாலும் இழுப்பீர்கள். முதலில் நான் சிரித்தேன். ஒருநாள் உங்கள் முழங்கை என் கன்னத்தில் விழுந்தது. என் சத்தத்தில் விழித்து, "றோலர்ப் படகுக்காரன் எங்கடை வலையை அறுத்துக்கொண்டு போறான், அவனுக்குத்தான் அடிச்சனான்" என்றீர்கள். பிறகு விளக்கைப் போட்டு என் முகத்தைப் பார்த்தீர்கள். அப்போது உங்கள் முகம் போன போக்கை நான் யாருக்கும் சொல்லவில்லை.

நெல்லியடிச் சந்தையில் கன்னத்து வீக்கத்தைப் பற்றிக் கேட்டவர்களுக்கெல்லாம் கிணற்றடியில் வழுக்கி விழுந்ததாகச் சொன்னேன். ஒருத்தரும் நம்பவில்லை. மகள் வந்தாள். அவளிடம் உண்மையைச் சொன்னேன். "நித்திரையிலை அடிக்கிறதோ? அப்பாவுக்காகப் பொய் சொல்லாதேங்கோ" என்றாள். உங்களோடு முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. அன்று பின்னேரமே பாயைச் சுருட்டிக்கொண்டு, வலை போட்டு வைக்கும் கடற்கரைக் கொட்டிலுக்குப் போய்விட்டீர்கள். "நான் கை நீட்டினவன். இனி உன்ரை பக்கத்திலை படுக்கன்" என்றீர்கள். கன்னத்து வலி நாலு நாளில் போய்விட்டது. கட்டிலில் நீங்கள் இல்லாத இடத்தைத்தான் என்னால் பார்க்க முடியவில்லை.

விட்டேனா? கொட்டிலுக்கே போய்ச் சண்டை பிடித்து உங்களைக் கூட்டி வந்தேன். வலைக் கயிற்றால் உங்கள் கையைக் கட்டிலோடு கட்டுவது என்று முடிவு. முடிச்சை நீங்களே சொல்லித் தந்தீர்கள். என்ன மடத்தனம்! இருட்டில், அலையில், பார்க்காமலே முடிச்சு அவிழ்த்துப் பழகிய கைக்கு அது ஒரு பொருட்டா? நித்திரையிலேயே அவிழ்த்துவிட்டுத்தான் உதைத்தீர்கள். விடிந்ததும் இருவரும் கண்ணில் நீர் வரச் சிரித்தோம். சிரித்து முடிய, நீங்கள் மறுபடி பாயைத் தேடினீர்கள்.

பிறகுதான் மகளையும் இழுத்துக்கொண்டு வைத்தியரிடம் போனோம். அந்த டொக்டர்ப் பிள்ளை உங்களைவிட என்னைத்தான் அதிகம் கேட்டாள். கண் மூடியிருக்குமா, எழுப்பினால் உடனே தெளிவாரா, கனவைச் சொல்லுவாரா என்றெல்லாம். எல்லாவற்றுக்கும் என்னிடம் பதில் இருந்தது.

"அம்மா, இது பேயும் இல்லை, விசரும் இல்லை. கனவு காணேக்கை எங்கடை உடம்பு அசையாமல் கிடக்கும். ஐயாவுக்கு அது நடக்கேல்லை. கனவிலை செய்யிறதைக் கையும் காலும் செய்யுது. அவர் உங்களை அடிக்கேல்லை" என்றாள். மகள் குனிந்தபடி அழுதாள். "அப்பா" என்று உங்கள் கையைப் பிடித்தாள். நீங்கள் சுவரையே பார்த்துக்கொண்டிருந்தீர்கள்.

படுக்கப்போக முன் ஒரு குளிசை. மெத்தை நிலத்தில். பக்கத்தில் மேசை, விளக்கு ஒன்றும் கூடாது. அடங்கும்வரை நடுவில் ஒரு தலையணை. கயிறு கட்டின கதையைக் கேட்டு டொக்டர்ப் பிள்ளை என்னை நன்றாக ஏசினாள். சிலருக்கு இது பின்னால் கை நடுக்க வருத்தமாக வரக்கூடும், வந்து காட்டிக்கொண்டிருங்கள் என்றாள். கடைசியில், "எழுப்பவேணும் எண்டால் பிடிச்சு உலுப்பாதேங்கோ. எட்ட நிண்டு பேரைச் சொல்லிக் கூப்பிடுங்கோ" என்றாள்.

"பேரோ?" என்றேன். மகள் அழுகையோடு சிரித்துவிட்டாள். நாற்பது வருடமாக உங்களை "இஞ்சாருங்கோ" என்று மட்டும் கூப்பிட்டவள் நான். அன்றுகூட உங்கள் பெயரைக் கேட்டபோது மகளுக்குத்தான் கண்ணைக் காட்டினேன்.

அந்தக் கிழமையே கனவு மறுபடி வந்தது. "இஞ்சாருங்கோ, இஞ்சாருங்கோ" என்று கதவடியில் நின்று கத்தினேன். நீங்கள் நடுக்கடலில் நின்றீர்கள், எப்படிக் கேட்கும்? கண்ணை மூடிக்கொண்டு பெயரைச் சொன்னேன். கை அப்படியே நின்றது.

"ஆர் கூப்பிட்டது?"

"நான்தான்."

எழுந்து உட்கார்ந்தீர்கள். "அம்மா செத்தாப் பிறகு என்னை ஒருத்தரும் அப்பிடிக் கூப்பிடேல்லை" என்றீர்கள். ஊருக்கு நீங்கள் அண்ணை, பிள்ளைக்கு அப்பா. காலையில் தேத்தண்ணி குடிக்கும்போது, "பகலிலையும் ஒருக்காச் சொல்லன்" என்று கேட்டீர்கள். "போங்கோ, ஆக்கள் கேட்டாச் சிரிப்பினம்" என்று குசினிக்குள், அடுப்படிக்கு ஓடிவிட்டேன்.

மருந்து வேலை செய்தது. கூப்பிட வேண்டிய தேவை பிறகு வரவேயில்லை. அதில் எனக்கு ஒரு மனக்குறை இருந்தது என்பதை இப்போது சொல்வதற்கென்ன. சில வருடத்தில் அந்தப் பிள்ளை சொன்ன நடுக்கமும் வந்தது. கோப்பையை நான் பிடிக்க நீங்கள் குடித்தீர்கள். கடைசிவரை பக்கத்தில்தான் படுத்தேன்.

உங்கள் மரணத்தைப் பதியப் போனோம். நல்ல வெயில் நேரம், பதிவுக் கந்தோர் நிறையச் சனம். "இறந்தவரின்ரை பேர்?" என்று எழுதுகிறவர் தலை நிமிராமல் கேட்டார். மகள் வாயெடுத்தாள். நான் அவள் கையைப் பிடித்து நிறுத்தினேன்.

நானே சொன்னேன். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். ஒருத்தரும் சிரிக்கவில்லை.