முதலில் யார் பெயர்

அண்ணை,

இன்று லா சப்பல் தமிழ்க்கடைத் தெருவில் மரக்கறி வாங்க நின்றபோது பக்கத்தில் ஒருவர் வாசனைப்பாக்குப் பொட்டலத்தைப் பிரித்தார். ஆசிரியர் அறையில் உங்கள் மேசைப்பக்கம் எப்போதும் வீசும் வாசனை. நீங்கள் போய் இரண்டு வருடமாகிறது. ஆனாலும் எனக்கு முதலில் வந்தது துக்கமில்லை, பழைய சந்தேகம்தான்.

பொபினியில் நாம் இருவரும் கணக்குப் படிப்பித்த பள்ளியில், புதிதாக நாட்டுக்கு வந்த பிள்ளைகளுக்கான பிரிவை மூடப் பிரெஞ்சு அரசு முடிவெடுத்தது. நீங்கள் புதுச்சேரியிலிருந்து வந்த நிரந்தர ஆசிரியர். வேறு பள்ளிக்கு மாற்றுவார்கள், அவ்வளவுதான். நான் யாழ்ப்பாணத்தாள், ஒப்பந்த ஆசிரியை. என் வேலையே போய்விட்டது. நிர்வாக நீதிமன்றத்துக்குப் போவோம் என்று சொன்னது நீங்கள்தான்.

அந்தக் கிழமையே ஸ்டாலின்கிராட் மெத்ரோ நிலையத்துக்கு எதிரேயுள்ள கபேயில், கல்வி அலுவலகத்து அதிகாரியோடு நீங்கள் சிரித்துப் பேசுவதைக் கண்டேன். கண்ணாடிக்கு வெளியே கொஞ்சநேரம் நின்றுவிட்டுத் திரும்பினேன்.

மனு எழுதும்போது சொன்னீர்கள்: "உங்க பேர முதல்ல போடுங்கம்மா. என் பேரு பின்னாடி இருக்கட்டும்."

"ஏன் அண்ணை? நீங்கள்தானே இஞ்சை கனகாலம் இருக்கிறியள்?"

"சொன்னா கேளுங்க."

என்னை முன்னால் தள்ளிவிட்டு நீங்கள் ஒளிகிறீர்கள் என்று நினைத்தேன். அதன்பிறகு வழக்கறிஞர் என்னிடம் சொன்ன எதையும் உங்கள் காதில் போடவில்லை.

விசாரணையில் அரசுத் தரப்பு திரும்பத் திரும்பக் கேட்டது ஒன்றுதான்: பள்ளியை எப்படி நடத்துவது என்பது அரசின் விடயம், அதை எதிர்த்து வழக்காட இந்த ஆசிரியர்களுக்கு என்ன உரிமை? தீர்ப்பு வந்தது. இடமாற்றத்தால் உங்கள் பதவிக்கோ சம்பளத்துக்கோ குறைவில்லை, ஆகவே உங்களுக்கு வழக்காட உரிமையில்லை என்று விலக்கிவிட்டார்கள். வேலையை இழந்த எனக்கு அந்த உரிமை உண்டு என்றார்கள். சட்டப்படி கேட்கவேண்டிய குழுவோடு கலந்துபேசாமல் எடுத்த முடிவு என்று அதை ரத்தும் செய்தார்கள்.

நான் வேலைக்குத் திரும்பினேன். நீங்களோ அங்கே திரும்பாமல் திரான்சிக்கு, உங்கள் வீட்டுக்குக் கிட்டவுள்ள பள்ளிக்குப் போனீர்கள். அது எல்லோருக்கும் கிடைக்கிற இடமில்லை. வாழ்த்துச் சொன்னேன், ஏதாவது தெரிகிறதா என்று உங்கள் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

செத்தவீட்டில் உங்கள் மனைவி என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னா: "கேஸ் போடாம உன்னைத் தடுத்தா திரான்சியில இடம் தரேன்னு அந்தக் கல்வி ஆபீஸ் ஆளு கபேயில சொன்னாராம். இவரு முடியாதுன்னுட்டாரு. 'அவங்க பயப்படறது அந்தப் பொண்ணுக்குத்தான், என் கேஸை ஈசியா தள்ளிடுவாங்க'ன்னு சொல்லிட்டே இருந்தாரு."

"பிறகெப்படி அக்கா திரான்சி கிடைச்சது?"

"அவரா கேட்டு வாங்கினதும்மா."

நம்பினேன், பாதி. மற்றப் பாதியை உங்களிடம்தான் கேட்டிருக்க வேண்டும்.

இப்போது நானும் நிரந்தர ஆசிரியை. போன மாதம் இன்னொரு பிரிவை மூடப்போவதாக அறிவித்தார்கள். வேலை போகிற ஒப்பந்த ஆசிரியை, இங்கேயே பிறந்த தமிழ்ப்பிள்ளை, என்னிடம் வந்தாள். "உம்மடை பெயரை முதலிலை போடும்" என்றேன். என்னை ஒருமாதிரிப் பார்த்துவிட்டு, இதில் உங்களுக்கு என்ன கிடைக்கிறது என்று பிரெஞ்சில் கேட்டாள்.

எனக்குக் கோபம் வரவில்லை. கதவைச் சாத்தி அவளை இருத்தினேன். அன்று காலை கல்வி அலுவலகத்திலிருந்து யார் என்னைக் கூப்பிட்டார்கள், என்ன தருவதாகச் சொன்னார்கள் என்பதைத்தான் முதலில் சொன்னேன்.